குவாதலூப் தீவுக்குப் போகப் பிரான்ஸ் விசா போதுமா?

உங்கள் கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுப் பதிலுக்கு வருகிறேன். நீங்களும் உங்கள் மனைவியும் சென்னையில் இருக்கிறீர்கள்; இருவரிடமும் இந்திய பாஸ்போர்ட். பாரிஸில் நடக்கும் உறவினர் திருமணத்துக்காகப் பிரான்ஸ் ஷெங்கன் விசா (ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் சேர்த்து ஒரே விசா) வாங்கி வைத்திருக்கிறீர்கள்: ஒற்றை நுழைவு, 30 நாள். போகிற கையோடு பாரிஸிலிருந்து கரீபியனில் உள்ள குவாதலூப் தீவுக்கும் பத்து நாள் போய்வர ஆசை. காரைக்காலிலிருந்து அங்கே கப்பலேறிப் போன மூதாதையர் ஒருவரின் சுவடு கிடைக்குமா என்று பார்க்க வேண்டும். பாண்டிச்சேரியில் வாழும், பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள உங்கள் பெரியம்மா கூட வருகிறார். பாரிஸில் அகதித் தகுதியோடு வாழும் யாழ்ப்பாணத்து நண்பர் ஒருவரும் வருகிறார். குவாதலூப் பிரான்ஸின் ஒரு மாவட்டம்தானே, பிரான்ஸ் விசா இருக்கும்போது வேறென்ன வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள்.

உங்கள் இருவருக்கும் இந்த விசா போதாது. பெரியம்மாவுக்கு விசாவே வேண்டாம். நண்பருக்கு அவருடைய வதிவிட அட்டை போதும், ஆனால் ஓரிடத்தில் கவனமாக இருக்க வேண்டும். ஒரே விமானத்தில் பக்கத்துப் பக்கத்து இருக்கையில் போகிற நான்கு பேருக்கு மூன்று விதமான விதிகள். டிக்கெட் வாங்குவதற்கு முன்பே கேட்டீர்களே, அதில் எனக்கு உண்மையாகவே நிம்மதி.

முதலில் அடிப்படை. குவாதலூப் பிரான்ஸின் கடல்கடந்த மாவட்டம். 1946ஆம் ஆண்டு முதல் அதற்கு அந்தத் தகுதி. அங்கே புழங்குவது யூரோ. அங்கிருந்து பாரிஸ் நாடாளுமன்றத்துக்கு உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்கப்படுகிறார்கள். ஐரோப்பிய ஒன்றியத்திலும் அது சேர்த்திதான். ஆனால் ஷெங்கன் ஒப்பந்தம் பிரான்ஸின் ஐரோப்பிய நிலப்பரப்புக்கு மட்டுமே பொருந்தும். குவாதலூப், மார்த்தினிக், பிரெஞ்சு கயானா, ரீயூனியன், மயோத் ஆகியவை அந்த வேலிக்கு வெளியே நிற்கின்றன. பிரெஞ்சுக் கொடி பறக்கிற இடமெல்லாம் ஷெங்கன் என்று நினைத்துத்தான் பலரும் ஏமாறுகிறார்கள். ஷெங்கன் விசாவை வைத்துக்கொண்டு பாரிஸிலிருந்து ரோம் போகலாம், ஆம்ஸ்டர்டாம் போகலாம். அதே விசாவோடு பிரான்ஸின் சொந்த மாவட்டமான குவாதலூப்புக்குப் போக முடியாது.

உங்கள் பாஸ்போர்ட்டில் ஒட்டியிருக்கும் விசாவை எடுத்துப் பாருங்கள். மேல் வரியில் அது எந்த நிலப்பரப்புக்குச் செல்லும் என்று பிரெஞ்சில் அச்சாகியிருக்கும். உங்களுடையதில் 'ஷெங்கன் நாடுகள்' என்ற பொருளில் இருக்க வேண்டும். குவாதலூப்புக்கு அந்த வரியில் கடல்கடந்த மாவட்டங்களோ குவாதலூப்போ குறிப்பிடப்பட்டிருக்க வேண்டும். பயண முகவர் சொன்னார், தெரிந்தவர் போய்வந்தார் என்பதையெல்லாம் விமான நிறுவனக் கவுண்டரில் இருப்பவர் கேட்கமாட்டார். அந்த ஒரு வரியைத்தான் படிப்பார். தகுந்த தாள் இல்லாத பயணியை ஏற்றிச் சென்றால் விமான நிறுவனம் அபராதம் கட்ட வேண்டும், திருப்பிக் கொண்டுவரும் பொறுப்பும் அதன் தலையில் விழும். அதனால் எல்லையில் இருக்கிற அதிகாரியைவிட கவுண்டரில் இருப்பவர் கறாராக இருப்பார்.

இதற்கு அடுத்த சிக்கலைப் பலரும் கவனிப்பதில்லை. உங்கள் விசா ஒற்றை நுழைவு. நீங்கள் பாரிஸில் இறங்கியவுடன் அந்த நுழைவு செலவாகிவிடுகிறது. அங்கிருந்து குவாதலூப்புக்கு விமானம் ஏறும்போது ஷெங்கன் பகுதியை விட்டு வெளியேறுகிறீர்கள். எல்லைக் காவலர் வெளியேற்றத்தைப் பதிவு செய்வார். பத்து நாள் கழித்துத் திரும்பிப் பாரிஸில் இறங்கினால் அது இரண்டாவது நுழைவு. விசாவின் மீதமுள்ள நாட்கள் அப்போது உங்களுக்கு உதவாது. நாட்கள் பாக்கி இருந்தாலும் நுழைவு பாக்கி இல்லை. விசாவில் நுழைவுகளின் எண்ணிக்கை என்ற கட்டத்தில் 01 என்று இருக்கும்; உங்களுக்குத் தேவை 02 அல்லது பலமுறை நுழைவைக் காட்டும் குறி.

ஆக உங்களுக்கு இரண்டு வேண்டும். ஒன்று, குறைந்தது இரண்டு நுழைவுக்கான ஷெங்கன் விசா. மற்றொன்று, குவாதலூப்புக்கான குறுகிய கால விசா. சில வருடங்களுக்கு முன் பாரிஸின் ஓர்லி விமான நிலையத்தில் என் வரிசையில் எனக்கு முன்னால் நின்ற ஒரு கணவன் மனைவியை நான் இன்னும் மறக்கவில்லை. கோயம்புத்தூர்ப் பக்கம் என்று பேச்சில் தெரிந்தது. ஓட்டல், கார், படகு எல்லாவற்றுக்கும் பணம் கட்டிவிட்டு வந்திருந்தார்கள். கவுண்டர்ப் பெண் மிகுந்த மரியாதையோடு விசாவைத் திருப்பித் தந்து, இதில் ஏற்ற முடியாது என்றார். அந்த அம்மாள் பெட்டியின் மேலேயே உட்கார்ந்துவிட்டார். யாருமே அவர்களுக்குத் தப்பாக வழிகாட்ட நினைத்திருக்கமாட்டார்கள். பிரான்ஸ் என்றால் பிரான்ஸ்தானே என்று எல்லோரும் சொல்லியிருப்பார்கள். அதனால்தான் இந்தக் கேள்விக்கு இவ்வளவு நீளமாகப் பதில் எழுதுகிறேன்.

இனி நீங்கள் செய்ய வேண்டியது. திருமணத் தேதி நெருங்கிவிட்டதென்றால் இப்போதுள்ள விசாவைத் தொட வேண்டாம். பாரிஸ் மட்டும் போய்வாருங்கள். குவாதலூப்பைத் தனிப் பயணமாக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு மாதமாவது கையில் இருந்தால், 'பிரான்ஸ்-விசாஸ்' என்ற அரசுத் தளத்தில் புதிதாக விண்ணப்பம் நிரப்பி, சென்னையிலோ புதுச்சேரியிலோ விசா விண்ணப்பங்களை வாங்கும் வி.எஃப்.எஸ். மையத்தில் நேரில் கொடுக்கலாம். முன்பு வாங்கிய விசா பயன்படுத்தப்படாமல் இருக்கிறது என்பதையும், ஏன் மறுபடி கேட்கிறீர்கள் என்பதையும் ஒரு பக்கக் கடிதத்தில் ஒளிக்காமல் எழுதுங்கள். படிவத்தில் சேருமிடம் என்ற பகுதியில் குவாதலூப்பும் ஒரு தேர்வாக இருக்கும். பாரிஸ், குவாதலூப் இரண்டிலும் எந்தெந்தத் தேதியில் இருப்பீர்கள் என்று பயணத் திட்டத்தில் தெளிவாகக் காட்டுங்கள். விசா அதிகாரிக்கு நம் மனத்தில் இருப்பது தெரியாது. படிவத்தில் கேட்காததை அவர் தரமாட்டார்.

சில வகைப் பயணிகளுக்குக் குவாதலூப் விசாவிலிருந்து விலக்கு உண்டு. பிரெஞ்சுத் தூதரகங்களே வழங்கிய நீண்டகாலப் பலமுறை நுழைவு விசா வைத்திருக்கும் சில நாட்டவருக்கு அப்படியொரு தளர்வு இருக்கிறது. உங்களுடையது 30 நாள் ஒற்றை நுழைவு விசா என்பதால் அந்தக் கணக்கில் வராது. இதைப் படிக்கும் மற்றவர்கள் அதே அரசுத் தளத்தில் உள்ள விசா உதவிப் பக்கத்தில் நாடு, பாஸ்போர்ட் வகை, வதிவிடம், சேருமிடம் ஆகியவற்றைக் கொடுத்துத் தங்களுக்கான விடையைப் பார்த்துக்கொள்ள வேண்டும். அதை அச்சிட்டுக் கையில் வைத்துக்கொள்வது நல்லது.

தாள்கள் விஷயத்தில் பெரிய புதுமை எதுவும் இல்லை. பாஸ்போர்ட் கடந்த பத்து ஆண்டுகளுக்குள் வழங்கப்பட்டதாக இருக்க வேண்டும். நீங்கள் திரும்பும் நாளுக்குப் பிறகு மூன்று மாதமாவது செல்ல வேண்டும். இரண்டு பக்கம் காலியாக இருக்க வேண்டும். நான் எப்போதும் ஆறு மாதம் என்றே சொல்வேன், ஏனென்றால் பக்கத்துத் தீவுகள் பலவும் ஆறு மாதம் கேட்கின்றன. குறைந்தது 30,000 யூரோ மருத்துவச் செலவை ஏற்கும் பயணக் காப்பீடு தேவை. அந்தக் காப்பீட்டுத் தாளில் 'ஷெங்கன்' என்று மட்டும் இருந்தால் குவாதலூப்புக்குப் பயன்படாது. உலகம் முழுவதும் என்றோ, குவாதலூப் உட்பட என்றோ எழுதி வாங்குங்கள். இதை முகவர்கள் தாமாகச் செய்து தருவது அரிது. செலவுக்கான பணத்துக்குப் பிரான்ஸ் வைத்திருக்கும் அளவு இது: ஓட்டல் பதிவு காட்டினால் ஒருவருக்கு நாளொன்றுக்கு 65 யூரோ, பதிவு இல்லையென்றால் 120 யூரோ, ஒருவர் வீட்டில் தங்குகிறீர்கள் என்றால் 32.50 யூரோ. வீட்டில் தங்குவதற்கு, அந்த வீட்டுக்காரர் தம் ஊர் நகராட்சியில் வரவேற்புச் சான்றிதழ் வாங்கி உங்களுக்கு அனுப்ப வேண்டும். பாண்டிச்சேரியில் நாம் 'மேரி' என்று சொல்கிறோமே, அதே அலுவலகம்தான். மின்னஞ்சலில் வந்த நகலை ஏற்கமாட்டார்கள், மூலத்தாள் வேண்டும். அஞ்சலுக்கு இரண்டு மூன்று வாரம் ஒதுக்குங்கள்.

ஷெங்கன் விசாவுக்குப் பயணத் தேதிக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம். சாதாரணமாக 15 நாளில் முடிவு வரும். சில விண்ணப்பங்கள் 45 நாள் வரை இழுக்கும். கோடை விடுமுறைக்கு முன்னால் நேர ஒதுக்கீடு கிடைப்பதே பெரும்பாடு.

இன்னொன்று: குவாதலூப்பில் கழிக்கும் நாட்கள் ஷெங்கன் கணக்கில் சேராது. 180 நாளில் 90 நாள் என்ற வரம்பு ஐரோப்பாவுக்குத் தனி, கடல்கடந்த பகுதிக்குத் தனி. 2025 அக்டோபர் 12 முதல் ஐரோப்பிய எல்லைகளில் கைரேகையும் முகப்படமும் எடுத்து நாட்களைக் கணினியே எண்ணும் முறை தொடங்கியிருக்கிறது. முத்திரை மங்கலாக இருக்கிறது என்று சமாதானம் சொல்லும் காலம் போய்விட்டது. பாரிஸிலிருந்து குவாதலூப் கிளம்பும்போது உங்கள் வெளியேற்றம் ஒழுங்காகப் பதிவாகிறதா என்று கவனியுங்கள். அவசரத்தில் அந்தக் கவுண்டரைத் தாண்டி ஓடிவிட வேண்டாம்.

விமானப் பாதையைப் பற்றியும் கேட்டிருந்தீர்கள். பாரிஸிலிருந்து குவாதலூப்பின் புவாந்த்-அ-பீத்ர் நகரத்துக்கு ஏறக்குறைய எட்டரை மணி நேரம். பெரும்பாலான விமானங்கள் ஓர்லியிலிருந்து கிளம்புகின்றன. இந்தியாவிலிருந்து வருபவர்கள் இறங்குவதோ சார்ல் தெ கோல் நிலையத்தில். ஒன்று பாரிஸுக்கு வடக்கே, மற்றொன்று தெற்கே. நிலையம் மாற வேண்டுமென்றால் ஊருக்குள் நுழைந்துதான் ஆக வேண்டும். குவாதலூப் விசா மட்டும் வைத்திருப்பவர் அங்கே மாட்டிக்கொள்வார். திரும்பும்போதும் இதே கதைதான். ஒருவேளை மயாமி வழியாகவோ மான்ட்ரியல் வழியாகவோ டிக்கெட் மலிவாகக் கிடைக்கலாம். அமெரிக்காவில் விமானம் மாறுவதற்கே விசா வேண்டும். அங்கே குடிவரவைத் தொடாமல் ஒரு விமானத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறும் ஏற்பாடு கிடையாது. கனடாவிலும் இந்திய பாஸ்போர்ட்டுக்கு இடைத்தங்கல் விசா தேவை. அமெரிக்க விசா ஏற்கெனவே பாஸ்போர்ட்டில் இருப்பவர்களுக்கு மயாமி வழி சுலபம். மற்றவர்களுக்குப் பாரிஸ் வழிதான்.

பெரியம்மாவின் விஷயம். புதுச்சேரியை இந்தியாவிடம் ஒப்படைக்கும் உடன்படிக்கை 1956இல் கையெழுத்தாகி 1962 ஆகஸ்ட் 16 அன்று நடைமுறைக்கு வந்தபோது, ஆறு மாதத்துக்குள் பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொள்ளும் உரிமை இருந்தது. அப்படித் தேர்ந்துகொண்ட குடும்பம் என்று எழுதியிருக்கிறீர்கள். அவருக்குக் குவாதலூப் உள்நாடு. பாரிஸிலிருந்து நேராகப் போகும் விமானத்தில் பிரெஞ்சு தேசிய அடையாள அட்டையே போதும். ஆனால் அவர் கிளம்புவது இந்தியாவிலிருந்து. ஆகவே பிரெஞ்சு பாஸ்போர்ட் கட்டாயம். இந்தியாவுக்குத் திரும்பி வர அவருடைய ஓ.சி.ஐ. அட்டையோ (வெளிநாட்டுக் குடியுரிமை உள்ள இந்திய வம்சாவளியினருக்கு இந்தியா தருவது) செல்லுபடியாகும் இந்திய விசாவோ கையில் இருக்க வேண்டும். ஓ.சி.ஐ. அட்டையை வீட்டுப் பெட்டகத்தில் பத்திரமாகப் பூட்டி வைத்துவிட்டு விமானம் ஏறிய முதியவர்களை நான் அறிவேன். திரும்பும்போது பாரிஸ் கவுண்டரில் அது இல்லாமல் ஏற்றமாட்டார்கள். மயாமி வழியாகப் போவதாக இருந்தால் அவருக்கு 'எஸ்டா' எனும் அமெரிக்க இணைய அனுமதியும் வேண்டும்.

யாழ்ப்பாணத்து நண்பருக்கு வருவோம். அவரிடம் பிரான்ஸ் வழங்கிய வதிவிட அட்டையும் அகதிகளுக்கான பயண ஆவணமும் இருக்கின்றன என்று எடுத்துக்கொள்கிறேன். பிரான்ஸின் ஐரோப்பிய நிலப்பரப்பில் வழங்கப்பட்ட, செல்லுபடியாகும் வதிவிட அட்டை இருந்தால் குறுகிய காலத்துக்குக் குவாதலூப் போக விசா தேவையில்லை. அட்டை, பயண ஆவணம் இரண்டையும் சேர்த்துக் காட்ட வேண்டும். அட்டை புதுப்பிப்பில் இருக்கிறது, கையில் 'ரெசெப்பிசே' எனும் ரசீதுதான் இருக்கிறது என்றால், பழைய அட்டையையும் உடன் கொண்டுபோக வேண்டும். முதல் தடவை விண்ணப்பித்ததற்கான ரசீதை மட்டும் வைத்துக்கொண்டு கிளம்பவே கூடாது. திரும்பி நுழைய அது உரிமை தராது.

அவருக்கு நான் சொல்ல நினைத்த எச்சரிக்கை இதுதான்: படகு. குவாதலூப்பிலிருந்து தெற்கே டொமினிக்கா தீவுக்கு ஏறக்குறைய இரண்டு மணி நேரத்தில் போகிற படகு இருக்கிறது. கரையிலிருந்து பார்த்தாலே அந்த மலைகள் தெரியும். எல்லோருக்கும் ஒரு நாள் போய்வரத் தோன்றும். டொமினிக்கா தனி நாடு. ஸ்பானிய மொழி பேசும் டொமினிக்கன் குடியரசோடு அதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. இந்திய பாஸ்போர்ட்டுக்கு அங்கே விசா தேவையில்லை. ஆனால் அகதிப் பயண ஆவணத்துக்கு அந்தச் சலுகை தானாகப் பொருந்தும் என்று நம்பி அவர் படகேற வேண்டாம். முன்கூட்டியே எழுதிக் கேட்டுப் பதில் வாங்காமல் போனால், ரோசோ துறைமுகத்திலிருந்தே திருப்பி அனுப்பப்படலாம்.

உங்களுக்கும் அந்தப் படகில் ஒரு பொறி இருக்கிறது. டொமினிக்கா உங்களை விசா இல்லாமல் உள்ளே விடும். நீங்கள் குவாதலூப்புக்குத் திரும்பும்போதோ மறுபடி பிரான்ஸுக்குள் நுழைகிறீர்கள். குவாதலூப் விசா ஒற்றை நுழைவாக இருந்தால் அது முதல் நாளே செலவாகியிருக்கும். மார்த்தினிக்குக்குப் போகும் படகுகளில் பல டொமினிக்காவில் நின்றுதான் போகின்றன. ஆக, விண்ணப்பிக்கும்போதே குவாதலூப் விசாவையும் பலமுறை நுழைவாகக் கேளுங்கள். டொமினிக்கா போகும் எண்ணத்தைத் திட்டத்தில் எழுதுங்கள். மரி-கலாந்த், லே சேன்த், லா தெசிராத் ஆகிய சிறு தீவுகள் குவாதலூப்பைச் சேர்ந்தவை, அங்கே போக யாரும் எதுவும் கேட்கமாட்டார்கள். சேன் மார்த்தனும் சேன் பார்த்தெலெமியும் 2007இல் குவாதலூப்பிலிருந்து பிரிக்கப்பட்டுவிட்டன. அங்கே போக நினைத்தால் அவற்றைப் பெயர் சொல்லியே கேட்க வேண்டும்.

மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசி பற்றி உங்கள் மனைவி கவலைப்படுவதாக எழுதியிருந்தீர்கள். இந்தியாவிலிருந்து பாரிஸ் வழியாகக் குவாதலூப் போய்த் திரும்புவதற்கு அது தேவையில்லை. டிரினிடாட்டுக்கோ பிரெஞ்சு கயானாவுக்கோ ஒரு நடை போய்வந்தால் நிலைமை மாறிவிடும். பிரெஞ்சு கயானாவுக்குள் நுழையவே ஒரு வயதுக்கு மேற்பட்ட எல்லோருக்கும் அந்தத் தடுப்பூசி கட்டாயம். அந்த இடங்களிலிருந்து சான்றிதழ் இல்லாமல் இந்தியா திரும்பினால் ஆறு நாள் வரை தனிமைப்படுத்தி வைத்துவிடுவார்கள். ஊசி போட்ட பத்தாவது நாளிலிருந்துதான் சான்றிதழ் செல்லும். பிறகு ஆயுள் முழுவதும் செல்லும். சென்னையில் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டில் போடுகிறார்கள்.

இப்போது பெயர். இதை நான் மிகவும் முக்கியமாக நினைக்கிறேன். உங்கள் பாஸ்போர்ட்டில் குடும்பப்பெயர் கட்டம் காலியாக இருக்கிறது, உங்கள் மனைவியின் பாஸ்போர்ட்டில் அவருடைய அப்பா பெயர் குடும்பப்பெயராக ஏறியிருக்கிறது என்று சொன்னீர்கள். தமிழ்க் குடும்பங்களில் பாதிப் பேருக்கு இதுதான் நிலை. முதலெழுத்தை இந்திய பாஸ்போர்ட் ஏற்பதில்லை, விரித்து எழுதச் சொல்கிறது. விரித்ததை ஒருவர் குடும்பப்பெயர் கட்டத்தில் போடுகிறார், இன்னொருவர் இயற்பெயரோடு சேர்த்துவிடுகிறார். பிரெஞ்சுப் படிவத்திலோ குடும்பப்பெயர் இல்லாமல் அடுத்த பக்கத்துக்கே போக முடியாது. ஒற்றைப் பெயர்க்காரர் அந்தப் பெயரையே குடும்பப்பெயர் கட்டத்தில் எழுதுவதுதான் வழக்கம். விமான டிக்கெட் எடுக்கும்போது பாஸ்போர்ட்டின் அடியில் அம்புக்குறிகளோடு இரண்டு வரி அச்சாகியிருக்குமே, அதில் உள்ள எழுத்துகளை அப்படியே பாருங்கள். இயந்திரம் படிப்பது அதைத்தான். டிக்கெட், காப்பீடு, ஓட்டல் பதிவு எல்லாவற்றிலும் அதே எழுத்து, அதே வரிசை. ஒற்றைப் பெயரை எப்படிப் பதிவது என்பதில் ஒவ்வொரு விமான நிறுவனமும் ஒவ்வொரு முறை வைத்திருக்கிறது. இணையத்தில் முயன்று பார்க்காமல் தொலைபேசியில் கேட்டுப் பதிவது மேல். திருமணச் சான்றிதழின் ஆங்கில மொழிபெயர்ப்பு ஒன்றையும் எடுத்துக்கொள்ளுங்கள். கணவன் மனைவி பெயர்கள் ஒட்டவே இல்லையே என்ற கேள்வி எழுந்தால் அது பேசும்.

பெயரைப் பற்றி இவ்வளவு சொல்லக் காரணம் உண்டு. நீங்கள் தேடிப் போகிற மூதாதையருக்கும் இதே கட்டம்தான் பிரச்சினை. 1854 டிசம்பர் 24 அன்று 'ஒரேலி' என்ற கப்பல் முதல் இந்தியர் கூட்டத்தைப் புவாந்த்-அ-பீத்ரில் இறக்கியது. அதிலிருந்து 1889 வரை ஏறத்தாழ 42,000 பேர் குவாதலூப்புக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். அடிமை முறை 1848இல் ஒழிக்கப்பட்ட பிறகு கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. ஐந்தாண்டு ஒப்பந்தம், முடிந்ததும் திரும்பும் கப்பலில் இடம் என்று தாளில் எழுதியிருந்தது. திரும்பியவர்கள் சிலரே. பதிவேட்டில் எழுதிய பிரெஞ்சு எழுத்தருக்கு நம் பெயர் முறை புரியவில்லை. காதில் விழுந்ததை எழுதினார். ஒருவனின் ஒற்றைப் பெயரே அவன் வம்சத்தின் குடும்பப்பெயரானது. இன்று அங்கே நீங்கள் பார்க்கப்போகும் முத்துசாமிகளும் ராமசாமிகளும் வீரப்பன்களும் அப்படி உறைந்துபோன பெயர்கள்.

அந்த மக்களுக்குக் குடியுரிமைத் தாள் கிடைத்த கதையையும் தெரிந்துகொண்டு போங்கள். குவாதலூப்பின் கப்பஸ்டேர் என்ற ஊரில் 1863இல் பிறந்த ஆன்ரி சிதம்பரம், இந்தியத் தொழிலாளிகளின் பிள்ளைகளும் பிரெஞ்சுக் குடிமக்களே, அவர்களுக்கு வாக்குரிமை உண்டு என்று 1904இல் வழக்காடத் தொடங்கினார். பிரான்ஸில் பிறந்தாலும் இவர்கள் பிரிட்டிஷ் பிரஜைகள் என்று நிர்வாகம் வாதிட்டது. 1923இல்தான் அவருக்குச் சாதகமாக முடிவு வந்தது. பத்தொன்பது ஆண்டுகள்! ஒரு விசாவுக்காக நாம் மூன்று வாரம் காத்திருக்கும்போது எனக்கு அந்த மனிதர் நினைவு வராமல் இருப்பதில்லை.

பெட்டியில் என்ன எடுத்துப் போகலாம் என்று பெரியம்மா கேட்கச் சொன்னாராம். ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து வரும் பயணி இறைச்சியோ பால் பொருளோ கொண்டுவரக் கூடாது. நெய்யும் பால்கோவாவும் இதில் அடக்கம். கறிவேப்பிலை, வெற்றிலை, பூ மாதிரி பச்சையாக இருக்கும் எதற்கும் தாவர நலச் சான்றிதழ் வேண்டும்; 2019 டிசம்பரிலிருந்து இந்த விதி கடுமையாகிவிட்டது. தேங்காய், வாழைப்பழம், அன்னாசி, பேரீச்சை, டுரியான் ஆகிய ஐந்துக்கும் ஐரோப்பிய நிலப்பரப்பில் விலக்கு இருக்கிறது. அம்மனுக்கு உடைக்கத் தேங்காயைச் சுமந்துபோக வேண்டிய தேவையே இல்லை, அங்கே சாலையோரமெல்லாம் தென்னை. குங்குமம், விபூதி, கற்பூரம் பற்றிக் கவலை வேண்டாம் என்று சொல்லியிருப்பேன். கற்பூரம் மட்டும் எளிதில் தீப்பற்றும் பொருள் என்பதால் விமானத்தில் வேண்டாம்.

கோயில் என்றால் முதலில் கப்பஸ்டேர் ஊருக்குப் பக்கத்தில் ஷான்ஜியில் உள்ள கோயிலுக்குப் போங்கள், பெரிய சாலையிலேயே கோபுரம் தெரியும். அங்கே 'மாலியெமன்' என்று சொன்னால் மாரியம்மன். 'மால்தேவிலன்' என்றால் மதுரை வீரன். பொருள் முழுதாகத் தெரியாமலேயே தலைமுறை தலைமுறையாகக் காதால் கேட்டு மனப்பாடம் செய்த தமிழ்ப் பாட்டுகளைப் பூசாரி பாடுவார். பெரியம்மா உடன் இருப்பது பெரிய பாக்கியம். அவருடைய பிரெஞ்சும் தமிழும் அங்கே இரண்டுமே தேவைப்படும்.

மூதாதையரின் பதிவைத் தேடப் புறப்படுவதற்கு முன்பே ஒரு வேலை செய்துவிடலாம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் குவாதலூப் பிறப்பு, திருமண, இறப்புப் பதிவேடுகளைப் பிரான்ஸின் எக்ஸ்-ஆன்-ப்ரொவான்ஸ் நகரத்தில் உள்ள கடல்கடந்த ஆவணக் காப்பகம் தன் இணையதளத்தில் படங்களாக வைத்திருக்கிறது, ஊர் வாரியாக, ஆண்டு வாரியாக. தீவிலேயே கூர்பேயர் என்ற ஊரில் மாவட்ட ஆவணக் காப்பகமும் இருக்கிறது. அங்கே உள்ளே போக அடையாளச் சான்றாகப் பாஸ்போர்ட்டைக் கேட்பார்கள், எடுத்துப் போங்கள். பெயரை ஒரே எழுத்துக் கூட்டலில் தேட வேண்டாம். வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். தமிழ் தெரியாத ஒருவர் காதில் அது எப்படியெல்லாம் விழுந்திருக்கும் என்று நாலைந்து விதமாக எழுதிக்கொள்ளுங்கள். 'ழ' இருந்தால் இன்னும் இரண்டு சேர்த்துக்கொள்ளுங்கள். காரைக்கால் என்ற ஊர்ப்பெயரைப் பதிவேட்டில் கண்டால் அந்தப் பக்கத்தை முழுவதும் படியுங்கள், ஏனென்றால் ஒரே ஊர்க்காரர்கள் ஒருவருக்கொருவர் சாட்சிக் கையெழுத்தும் கைநாட்டும் போட்டிருப்பார்கள்.